தொண்டைமானாற்றுக் கரையும் அட்மிரல் றெயினியரும்

யாழ்ப்பாணக் குடாநாட்டின் வடகரையிலே, வல்வெட்டித்துறைக்கு மேற்கே, தொண்டைமானாறு கடலொடு கலக்கின்றது. உப்பேற்றிச் செல்வதற்காகக் கருணாகரத் தொண்டைமான் அக்கழியை வெட்டுவித்தான் என்பது மரபு. அது வரலாறாயினும் கதையாயினும், வடமராட்சிக்கு அதிகாரம் கடல்வழியே வந்தமை மெய்யே. ஒல்லாந்தர் ஆட்சியின் முடிவும் அவ்வழியே வந்தது. அதனைக் கொணர்ந்தவர்களுள் ஒருவர் பீற்றர் றெயினியர்.

1741இல் பிறந்த இவர் 1756இற் பிரித்தானியக் கடற்படையிற் சேர்ந்தார். இளமையிலேயே புதுச்சேரி முற்றுகையைக் கண்டார். 1778இல், அமெரிக்கக் கப்பலொன்றுடன் பொருதுகையில் மார்பிற் காயமுற்றார். அவ்வாண்டே கப்டன் பதவி பெற்றார். அவரைச் செதுக்கிய களம் பின்னரே வாய்த்தது. சேர் எட்வேட் கியூஸின் கீழ் 'பேர்போட்' என்னுங் கப்பலைச் செலுத்திப் பிரெஞ்சுத் தளபதி சுஃப்ரேனோடு அவர் பலமுறை பொருதார். 1782 சனவரியிற் கியூஸ் கைப்பற்றிய திருகோணமலையை ஓகத்திலே சுஃப்ரேன் பறித்துக்கொண்டார். வாடைக்காற்றுக் காலத்திற் சோழமண்டலக் கரையிலே பெருங்கப்பல்களுக்குப் புகலிடம் இல்லை. திருகோணமலையே அக்குறையைத் தீர்ப்பது. இவ்வுண்மையை றெயினியர் நூலிற் கற்றவரல்லர், பட்டறிந்தவர்.

1795இற் பிரெஞ்சுப்படை ஒல்லாந்தை வென்றது. இங்கிலாந்துக்கு ஓடிய ஐந்தாம் வில்லியம், குடியேற்றங்களைப் பிரித்தானியரிடம் ஒப்புவிக்குமாறு கியூ மாளிகையிலிருந்து எழுதினார். கீழைக்கடற் படைத்தலைவராகிய றெயினியர், கேணல் ஸ்ருவாட்டின் சேனையோடு திருகோணமலையை அடைந்தார். 'டயோமீட்' என்னும் போர்க்கப்பல் பாறையில் மோதி மூழ்கியது. எனினும் ஓகத்து 26இற் கோட்டை பணிந்தது. அடுத்த மாதம் ஸ்ருவாட் பருத்தித்துறையிலே கரையிறங்கினார். செத்தெம்பர் 28இல் யாழ்ப்பாணக் கோட்டை எதிர்ப்பின்றிச் சரணடைந்தது. அதன் வெளியரண்கள் நிறைவெய்தி மூன்றாண்டுகளே கழிந்திருந்தன! கியூவில் எழுதப்பட்ட கடிதமும் திருகோணமலையில் நின்ற கப்பல்களும் குடாநாட்டின் ஆட்சியை மாற்றின. குடிகளின் கருத்தை எவருங் கேட்டிலர்.

றெயினியர் யாழ்ப்பாணத்திலே தங்கினாரல்லர். அவர் நாட்டம் கீழ்த்திசை வாசனைப் பொருட்களிற் சென்றது. 1796இல் அம்போய்னாவையும் பண்டாவையும் கைப்பற்றிப் பெருஞ்செல்வம் ஈட்டினார். 1805இல் அட்மிரல் பதவி பெற்று, 1807இற் பாராளுமன்ற உறுப்பினரானார். இதற்கிடையில், 1802இன் அமியன் உடன்படிக்கை இலங்கையின் கரையோரத்தைப் பிரித்தானியருக்கே உரியதாக்கிற்று. 1808இல் இறக்குமுன், தம் சொத்திற் பத்திலொரு பங்கைப் பிரித்தானியாவின் தேசியக் கடனைக் குறைப்பதற்கென எழுதிவைத்தார்.