ஒரு பவுண்டு தானியம்



‘தாது வருஷத்துப் பஞ்சம்’ என்ற சொல்லைக் கொங்கு நாட்டுக் குடும்பங்களில் பிறந்த உங்களில் பலர் பெரியவர்களின் வாயால் கேட்டிருப்பீர்கள். தமிழ் ஆண்டுக் கணக்கில் தாது என்பது 1876-இன் சித்திரையில் பிறந்து 1877-இன் பங்குனியில் முடிந்த ஆண்டு. மழை பொய்த்தது, மக்கள் மாண்டார்கள் என்பதோடு அந்தக் கதையை நாம் முடித்துவிடுகிறோம். வானத்தின் குறையை ஒருவரும் தடுத்திருக்க முடியாது. ஆனால் பசித்தவனுக்கு எவ்வளவு அளந்து கொடுப்பது என்பதை ஒரு மனிதர் தீர்மானித்தார். இந்த வாரம் அவருடைய வாழ்க்கையைச் சற்றே உற்று நோக்குவோம்.

அவர் பெயர் சர் ரிச்சர்ட் டெம்பிள். 1826-இல் இங்கிலாந்தின் வொர்ஸ்டர்ஷயரில் நிலவுடைமைக் குடும்பமொன்றில் பிறந்தார். இருபது வயதை ஒட்டி இந்தியக் குடிமைப் பணிக்கு வந்து, பஞ்சாப், மத்திய மாகாணம், ஐதராபாத் என்று ஏறுமுகமாகவே உயர்ந்து, அரசப் பிரதிநிதியின் அவையில் நிதித்துறைக்கும் பொறுப்பேற்றார். உழைப்புக்குப் பெயர் போனவர். குதிரையில் நெடுந்தொலைவு போவதும், போன இடங்களை நீர்வண்ணத்தில் வரைவதும் அவருக்கு வழக்கம். 1876-இல் பாரனெட் பட்டம், அதாவது தந்தைக்குப் பின் மகனுக்கும் தொடரும் ‘சர்’ பட்டம், அவருக்குக் கிடைத்தது.

இவரைக் கல்நெஞ்சர் என்று எளிதில் ஒதுக்கிவிட முடியாது. 1873-74-இல் வங்காளத்தையும் பீகாரையும் வறட்சி தாக்கியபோது நிவாரணப் பொறுப்பு இவர் கைக்கு வந்தது. பர்மாவிலிருந்து கப்பல் கப்பலாக அரிசி தருவித்தார். வண்டிகளையும் காளைகளையும் திரட்டி, கிராமம் கிராமமாகக் கொண்டு சேர்த்தார். வேலை செய்ய இயலாதவர்களுக்கும் சோறு கிடைத்தது. விளைவாக, பட்டினிச் சாவு ஏறத்தாழ இல்லாமலே அப்பஞ்சம் கடந்தது. எகிப்தின் களஞ்சியங்களைத் திறந்த யோசேப்பின் சரித்திரத்தை அறிந்த நமக்கு, அந்தப் பணியின் மதிப்பு என்னவென்று சொல்ல வேண்டியதில்லை.

ஆனால் அதற்காக அவர் பெற்றது பெரும்பாலும் ஏச்சு. செலவு மிகுந்துவிட்டது என்றும், வாங்கிய அரிசியில் ஒரு பகுதி மிஞ்சிப்போனது என்றும் குறை சொன்னார்கள். மக்களை உயிரோடு வைத்திருப்பது அரசின் கடமை என்று இந்தியர்களை நம்பவைத்துவிட்டார் என்பது இலண்டன் பத்திரிகை ஒன்றின் குற்றச்சாட்டு! இன்று இதைக் குற்றச்சாட்டாக வாசிப்பதே கடினம். அன்று அது ஓர் அதிகாரியின் எதிர்காலத்தையே அசைக்கக்கூடியதாக இருந்தது.

இனி நம் ஊருக்கு வருவோம். அந்நாளில் கோயம்புத்தூர் மாவட்டம் மிகப் பெரியது. ஈரோடு, திருப்பூர் பகுதிகளோடு கரூரும் கொள்ளேகாலமும் அதற்குள் இருந்தன. நாமக்கல், தருமபுரி, கிருஷ்ணகிரி மூன்றும் சேலத்தோடு சேர்ந்திருந்தன. மேற்கு மலைகளின் மழை மறைவில் கிடக்கும் மண் இது. மேட்டாங்காட்டுக் கம்பும் சோளமும் வானத்தை நம்பியவை. தோட்டக்காலுக்குக் கிணறுதான் கதி. 1876-இல் பருவமழைகள் தவறின. கிணற்றில் நீர் இறங்கியதும் கவலை இறைப்பது நின்றது. தீவனமில்லாமல் மாடுகள் சாய்ந்தன. அதற்கு முன்பே, 1862-இல், சேலம், ஈரோடு, போத்தனூர் வழியாக மேற்குக் கடற்கரை வரை இருப்புப்பாதை முடிந்திருந்தது. தானியம் வரப் பாதை இருந்தது. வந்த தானியத்தை வாங்கக் கூலிக்காரன் கையில் காசுதான் இல்லை.

1877 ஜனவரி முதல் நாள் டில்லியில் விக்டோரியா அரசியாரைச் சக்கரவர்த்தினியாக அறிவிக்கும் தர்பார் நடந்தது. அதே மாதத்தில் அரசப் பிரதிநிதி லிட்டன் பிரபு, டெம்பிளைப் பஞ்சப் பகுதிகளுக்குத் தம் தூதராக அனுப்பினார். சென்னை அரசு தாராளமாகச் செலவிடுகிறது, அதைக் கட்டுக்குள் கொண்டுவர வேண்டும் என்பதே அவருக்கு இடப்பட்ட பணி. மூன்று ஆண்டுகளுக்கு முன் அதே குற்றத்துக்காகத் தாமே ஏச்சு வாங்கியவர் அவர்!

டெம்பிள் தமக்கே உரிய வேகத்தோடு முகாம் முகாமாகச் சுற்றிவந்தார். நிவாரண வேலையில் கல்லுடைத்து மண் சுமக்கும் ஆணுக்கு நாளொன்றுக்கு ஒரு பவுண்டு தானியம், அதாவது அரைக் கிலோவுக்கும் குறைவு. அதோடு சிறிது காசு. பெண்களுக்கும் பிள்ளைகளுக்கும் அதிலும் குறைவு. சோதனை முயற்சி என்றே இதை முன்வைத்தார். ‘டெம்பிள் கூலி’ என்று அது சரித்திரத்தில் நின்றுவிட்டது.

எதிர்த்து நின்றவர் சென்னை மாகாணத்தின் சுகாதார ஆணையர் டாக்டர் வில்லியம் ராபர்ட் கார்னிஷ். சிறைக் கைதிகளின் உணவைப் பற்றி முன்னரே ஆராய்ந்தவர் அவர். உழைக்கும் உடல் இவ்வளவு தானியத்தில் தேயும், பருப்பும் காய்கறியும் இன்றி நோயில் விழும் என்று எண்களோடு எழுதினார். முகாம்களில் நலிந்தோரின் நிலையைக் காட்டித் திரும்பத் திரும்ப எழுதினார். மே மாதத்தில் சென்னை அரசு அளவைக் கூட்டியது. ஆனால் பஞ்சம் முடியவில்லை. அவ்வாண்டின் தென்மேற்குப் பருவமழையும் ஏமாற்றியது. பிந்தி வந்த மழையோடு காய்ச்சலும் வந்து, வலுவிழந்த உடல்களை வாரிக்கொண்டு போனது.

அத்தனை சாவுக்கும் டெம்பிள் ஒருவரே காரணம் என்று நான் எழுதினால் அது அநீதியாகும். அவருக்கு மேலே லிட்டன் இருந்தார். அவருக்கும் மேலே, வணிகத்தில் அரசு தலையிடலாகாது என்ற கொள்கை இருந்தது. ஆயினும் மற்ற அதிகாரிகளுக்கு இல்லாத ஒன்று டெம்பிளிடம் இருந்தது. பஞ்சத்தில் உயிர்களைக் காப்பது எப்படி என்று அவருக்குத் தெரியும், செய்துகாட்டியும் இருந்தார். தாம் செய்த நன்மையை ஊர் பிழை என்று சொன்னபோது, அவரும் அதைப் பிழை போலவே திருத்திக்கொண்டார். இராயனுடைய நட்பை இழக்கத் துணியாத பிலாத்துவும், நியாயம் எதுவென்று அறியாதவன் அல்லன். சபையில் கணக்கெழுதும் பிரியமானவர்களே, அலுவலகத்தில் கையொப்பமிடும் பிரியமானவர்களே, ஒருமுறை இரக்கம் காட்டி மேலிடத்தில் ஏச்சு வாங்கியபின் நம் கை எப்படிச் சுருங்குகிறது என்பது உங்களுக்குத் தெரியும். கொடியவர்களின் சரித்திரத்தைக் காட்டிலும் இந்தச் சரித்திரம் என்னை அதிகம் கலங்க வைக்கிறது.

அதன்பின் அவர் வாழ்வில் தடையொன்றும் இல்லை. அதே 1877-இல் பம்பாய் ஆளுநரானார். 1880-இல் பதவியைத் துறந்து தாயகம் சென்று தேர்தலில் நின்று தோற்றார். 1885-இல் ஈவ்ஷாம் தொகுதியில் வென்று கன்சர்வேட்டிவ் கட்சி உறுப்பினராக நாடாளுமன்றம் புகுந்தார். இலண்டன் பள்ளிக் கல்விக் குழுவிலும் பணியாற்றினார். பின்னர் கிங்ஸ்டன் தொகுதிக்கு மாறி 1895 வரை உறுப்பினராக இருந்து, 1902-இல் காலமானார். தன்வரலாறும் எழுதி வைத்தார்.

சென்னை மாகாணத்தின் 1871-ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பு அறிக்கையை எழுதியவரும் டாக்டர் கார்னிஷ்தான். அதன்படி அன்று சேலம் மாவட்டத்தில் 19,66,995 பேர். கோயம்புத்தூரில் 17,63,274 பேர். 1881-இல் மீண்டும் எண்ணினார்கள். கோயம்புத்தூரில் 16,57,690 பேர் இருந்தார்கள். சேலத்தில் 15,99,595 பேர். குறைந்தவர்கள் எல்லாரும் மாண்டவர்கள் அல்லர்; இலங்கைக் காப்பித் தோட்டங்களுக்குக் கப்பலேறியவர்கள் உண்டு, பிறவாமலே போன பிள்ளைகளும் உண்டு. டெம்பிள் நாடாளுமன்றத்தில் அமர்ந்திருந்த 1891-இல் மறுபடியும் எண்ணியபோது சேலத்தில் 19,62,591 பேர் இருந்தார்கள். இருபது ஆண்டு கழிந்தும் பழைய எண்ணிக்கைக்கு இன்னும் நாலாயிரம் பேர் குறைவு.