மணலுண்ட மாநகர் தலைக்காடு

ஆற்றங்கரையில் ஊர் தோன்றுவதும், அவ்வூர் நகராக வளர்வதும், அந்நகர் மீண்டும் சிற்றூராகத் தேய்வதும் வரலாற்றில் புதியன அல்ல. காவிரிப்பூம்பட்டினத்தைக் கடல் கொண்டது என்று படித்திருக்கிறோம். உறையூரை மண்மாரி மூடிற்று என்று தலபுராணம் கூறக் கேட்டிருக்கிறோம். கங்கைகொண்ட சோழபுரம் இன்று வயல்கள் சூழ்ந்த சிற்றூராய் நிற்பதைக் கண்டிருக்கிறோம். ஆனால் காவிரியின் மேற்பகுதியில், பெங்களூரிலிருந்து ஏறத்தாழ 130 கிலோமீட்டர் தொலைவில், கதையாக அன்றி மெய்யாகவே மணல் மூடிய பழந்தலைநகர் ஒன்று உண்டு. அதுவே தலைக்காடு. கன்னட மக்கள் தலகாடு என வழங்கும் அவ்வூருக்கு விடுமுறை நாளில் நீராடச் செல்லும் நம்மவர் பலர். அதன் வரலாற்றை எண்ணிப் பார்த்தவர் சிலரே. அச்சிற்றூரின் நிலத்தையும் வரலாற்றையும் மக்களையும் இக்கட்டுரையில் ஒருங்கே காண்போம்.

இருப்பிடம்

தலைக்காடு மைசூர் மாவட்டத்தில், திருமகூடலு நரசிபுர வட்டத்தில், காவிரியின் இடக்கரையில் உள்ளது. மைசூரிலிருந்து ஏறத்தாழ 45 கிலோமீட்டர் தென்கிழக்கே அமைந்தது. சற்று மேற்கே திருமகூடலில் கபினி ஆறு காவிரியோடு கலக்கின்றது. இரண்டு ஆறுகளின் நீரும் ஒன்றாகித் தலைக்காட்டருகே வளைந்து திரும்பும்பொழுது காவிரி அகன்று விரிகின்றது. கரையில் வெண்மணல் பரந்து கிடக்கின்றது. இன்னும் கீழே சென்றால் சிவசமுத்திர அருவி. 1902-ஆம் ஆண்டு அவ்வருவியில் மின்னாற்றல் எடுத்துக் கோலார் தங்கவயலுக்கு அனுப்பினர். அவ்வயலின் சுரங்கங்களில் உழைத்தோருள் பெரும்பாலோர் தமிழர் என்பதை நம் குடும்பங்கள் பலவற்றின் வரலாறே சொல்லும்.

ஊர்ப்பெயருக்கு மக்கள் கூறும் காரணம் சுவையானது. தலன், காடன் என்னும் வேடர் இருவர் ஒரு மரத்தை வெட்டக் குருதி பெருகிற்றாம். அம்மரத்தின் இலையையும் கனியையும் கொண்டு காயத்தைக் கட்ட, அது ஆறிற்றாம். தன் நோய்க்குத் தானே மருந்தளித்த இறைவன் வைத்தியநாதேசுவரர் ஆனார் என்ப. தன் புண்ணைத் தானே ஆற்றிக்கொண்ட மரத்தின் கதை இவ்வூருக்கு எத்துணைப் பொருந்துகின்றது என்பதைப் பின்னர்க் காண்போம்.

கங்கர் தலைநகர்

நான்காம் நூற்றாண்டில் கோலாரை இருப்பிடமாகக் கொண்டு எழுந்தது மேலைக் கங்கர் குடி. விரைவில் அவர்கள் தங்கள் தலைநகரைத் தலைக்காட்டுக்கு மாற்றினர். அதுமுதல் பத்தாம் நூற்றாண்டின் இறுதிவரை, பிற்காலத்தில் அரசர் சிலர் வேறிடங்களில் தங்கிய போதிலும், தலைக்காடே கங்கரின் மரபுவழித் தலைநகராக மதிக்கப்பெற்றது. சிரவணபெளகொளத்தில் ஓங்கி நிற்கும் கோமடேசுவரர் உருவைப் பத்தாம் நூற்றாண்டின் இறுதியில் அமைப்பித்த சாவுண்டராயன், இக்கங்கரின் அமைச்சனும் படைத்தலைவனும் ஆவான்.

கங்கர் நமக்கு அயலார் அல்லர். தமிழ் கற்ற யாவரும் அறிந்த நன்னூலைப் பவணந்தி முனிவர் இயற்றியது சீயகங்கன் என்னும் சிற்றரசன் வேண்டுகோளால். மூன்றாம் குலோத்துங்கன் காலத்தவனாகிய அவன் தன்னைக் கங்கர் வழியினன் என்று கூறிக்கொண்டவன். பேரரசு அழிந்து இரு நூற்றாண்டுகள் கழிந்த பின்னரும் அக்குடிப்பெயர் ஒரு தமிழ் இலக்கணத்திற்குப் புரவலாக நின்றது.

பெங்களூருக்கும் அவர்களோடு உறவு உண்டு. ஒன்பதாம் நூற்றாண்டின் இறுதியைச் சார்ந்த பேகூர் நடுகல்லில்தான் இந்நகரின் பெயர் முதன்முதலாகக் காணப்படுகின்றது. அக்கல் கங்கர் ஆட்சிக்காலத்தது. அதன் மொழி பழங்கன்னடம்.

சோழரும் போசளரும்

முதலாம் இராசராசன் மெய்க்கீர்த்தி அவன் வென்ற நாடுகளுள் கங்கபாடியையும் எண்ணுகின்றது. கி.பி. 1004-ஐ ஒட்டித் தலைக்காடு சோழர் கைப்பட்டது. ஊர் இராசராசபுரம் எனப் பெயர் பெற்றது. நாடு முடிகொண்ட சோழமண்டலம் ஆயிற்று. ஏறத்தாழ நூறாண்டுக் காலம் சோழர் ஆணை அங்கே நடந்தது. கோலாரம்மன் கோயிலிலும் தலைக்காட்டுச் சுற்றுப்புறத்திலும் உள்ள தமிழ்க் கல்வெட்டுகள் அக்காலத்தை நமக்கு உரைக்கின்றன. இவற்றைத் தேடிப் படியெடுத்து, கர்நாடகக் கல்வெட்டுத் தொகுதிகளாக வெளியிட்ட லூயிஸ் ரைஸ் என்னும் அறிஞருக்குத் தமிழரும் கன்னடரும் ஒருங்கே கடப்பாடு உடையர்.

பன்னிரண்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நிலைமை மாறிற்று. போசள மன்னன் விட்டுணுவர்த்தனன் தன் படைத்தலைவன் கங்கராசனைத் தலைக்காட்டின்மேல் ஏவினான். ஊரைக் காத்து நின்றவன் சோழரின் கீழ் ஆண்ட அதியமான் ஒருவன். ஔவைக்கு நெல்லிக்கனி ஈந்த தகடூர் அதியமானின் குடிப்பெயர் இங்கே மீண்டும் நம் காதில் விழுகின்றது. "நாட்டை விடுக" என்றதற்கு, "போரிட்டுப் பெறுக" என்னும் கருத்துப்பட அவன் விடையிறுத்ததாகப் போசளர் கல்வெட்டே கூறுகின்றது. பகைவன் மறத்தையும் மறையாது பொறித்த அவ்வரசரின் பெருந்தன்மையை நாம் பாராட்டாதிருக்க இயலாது.

போரில் அதியமான் தோற்றான். விட்டுணுவர்த்தனன் "தலைக்காடு கொண்டவன்" என்று பட்டம் புனைந்தான். வெற்றியின் நினைவாகக் கீர்த்திநாராயணர் கோயிலை எடுப்பித்தான். "கங்கை கொண்டான்", "கடாரம் கொண்டான்" எனும் பட்டங்களில் நாம் பெருமிதம் கொள்கிறோம். அதே இலக்கணத்தில் அமைந்ததுதான் இப்பட்டமும். ஒருவர் கொண்டது மற்றொருவர் இழந்தது என்னும் உண்மையை இவ்வூர் இருபுறமும் நின்று காட்டுகின்றது.

சோழர் ஆட்சி நீங்கினாலும் தமிழ் நீங்கிவிடவில்லை. போசளர் காலத்திலும் இந்நாட்டின் கீழ்ப்பகுதிகளில் தமிழ்க் கல்வெட்டுகள் பொறிக்கப்பட்டன. பெங்களூர்த் தொம்மலூரில் உள்ள சொக்கப்பெருமாள் கோயிலே அதற்குச் சான்று. மேல்கோட்டையைச் சூழ்ந்த வைணவக் குடும்பங்கள் பல, தலைமுறை தலைமுறையாக இல்லத்தில் ஒருவகைத் தமிழும் வெளியில் கன்னடமும் பேசி வருகின்றன.

அணையும் மணலும்

போசளருக்குப் பின் தலைக்காடு விசயநகரப் பேரரசின்கீழ் வந்தது. பதினான்காம் நூற்றாண்டில் மாதவமந்திரி என்னும் விசயநகர அமைச்சர் ஊருக்கு மேற்புறத்தே காவிரியின் குறுக்கே ஓர் அணை கட்டினார். அவர் பெயராலேயே இன்றும் வழங்கும் அவ்வணையின் கால்வாய் சுற்றிலும் உள்ள வயல்களுக்கு நீர் அளித்தது.

ஆற்றின் போக்கை ஆராய்ந்தோர் சிலர், தலைக்காட்டு மணலுக்கு இவ்வணையே முதற்காரணமாகலாம் என்பர். அணையால் கீழ்ப்பகுதியில் நீர் குறைய, ஆற்று வளைவில் மணற்பரப்பு வெளிப்பட்டது. தென்மேற்குப் பருவக்காற்று அம்மணலை வாரி, வடகிழக்கே இருந்த ஊரின்மேல் கொண்டுபோய்ச் சேர்த்தது. ஆண்டுதோறும் சிறிது சிறிதாகக் குவிந்த மணல் மேடாகிக் குன்றாகிக் கோயில்களின் விமானம் வரை உயர்ந்தது. 30-க்கும் மேற்பட்ட கோயில்கள் மணலடியில் உள்ளன என்பது நெடுநாளைய வழக்கு.

மக்கள் வேறொரு காரணம் சொல்வர். 1610-ஆம் ஆண்டு மைசூர் இராச உடையார் சீரங்கப்பட்டினத்தைக் கைக்கொண்டார். அங்கு விசயநகரப் பிரதிநிதியாயிருந்தவரின் மனைவி அலமேலம்மா, அரங்கநாயகி அம்மனுக்கு அணிவிக்கும் நகைகளைக் கேட்டுத் துரத்தி வந்த வீரர்க்கு அகப்படாமல் காவிரியில் பாய்ந்தார் என்றும், தலைக்காடு மணலாகவும் மாலங்கி மடுவாகவும் மைசூர் அரசர் மகப்பேறின்றிப் போகவும் சாபமிட்டார் என்றும் கதை வழங்குகின்றது. மைசூர் அரச குடும்பத்தில் பிற்காலத்தில் தத்தெடுப்புப் பலமுறை நிகழ்ந்தமையால் கதை வலுப்பெற்றது.

கோப்பும் தேதியுமாகக் காலம் கழிக்கும் நம்போன்றோர்க்கு ஆண்டுகளை ஒப்பிட்டுப் பார்ப்பது வழக்கம். அணை கட்டியது சாபத்திற்கு இரு நூற்றாண்டுகட்கும் மேலாக முற்பட்டது. மைசூர் அரசு தலைக்காட்டை வென்றதோ 1634-இல், சாபத்திற்கு 24 ஆண்டுகள் கழித்து. எனினும் கதையைப் பொய்யென ஒதுக்கிவிடுதல் முறையன்று. ஆண்டுக் கணக்கை ஏட்டில் எழுதி வைக்காத மக்கள், தம் வீடுகள் மணலில் அழிந்த துயருக்கு ஒரு பெண்ணின் துயரைச் சான்றாக நிறுத்தினர். கண்ணகியின் சினத்தால் மதுரை எரிந்தது என்று நினைவில் கொண்டோர் வழிவந்த நமக்கு இது விளங்காததன்று.

மணல் ஊரை விழுங்குவது இங்கு மட்டுமே நிகழ்ந்ததுமன்று. டென்மார்க்கு நாட்டின் வடமுனையில் உள்ள ஸ்காகன் என்னும் ஊரில் மணல்மேடுகள் தேவாலயத்தை மூட, 1795-இல் அதைக் கைவிட்டனர். கோபுரம் மட்டும் இன்றும் மணலுக்குமேல் நிற்கின்றது.

மக்கள்

அரசர் கதையை இவ்வளவில் நிறுத்தி, ஊரில் வாழ்ந்த மக்களை நோக்குவோம். மணல் ஆண்டுக்கு 9 அல்லது 10 அடி வீதம் ஊரை நோக்கி நகர்ந்தது என்று பத்தொன்பதாம் நூற்றாண்டின் அரசு விவரநூல்கள் கூறுகின்றன. ஒரு தலைமுறைக்கு 30 ஆண்டு என்று கொண்டால் 300 அடி. பாட்டன் கட்டிய வீட்டில் பேரன் குடியிருக்க இயலாது. மூன்று புறமும் மணல் நெருக்க, மக்கள் வீட்டைக் கைவிட்டுப் பின்வாங்கி, உள்ளே தள்ளிப் புதுவீடு கட்டினர். அதையும் மணல் தொட்டபொழுது மேலும் தள்ளிச் சென்றனர். ஆனால் ஊரைவிட்டுப் போய்விடவில்லை.

1901-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் தலைக்காட்டின் மக்கள்தொகை 3,857. இந்த எண்ணுக்கு அருகில் அக்கால விவரநூல்கள் தரும் மற்றொரு செய்திதான் நம்மை வியப்பில் ஆழ்த்துகின்றது: மணலுக்கு அஞ்சி வீடு மாற்றிக்கொண்டிருந்த அதே ஊரின் மக்கள்தொகை பெருகிக்கொண்டிருந்தது! காரணம் என்ன? மாதவமந்திரி அணையின் கால்வாய்ப் பாசனம்; அதனால் விளைந்த நஞ்சை வளம். எந்த அணை மணலை வரவழைத்தது என்கின்றனரோ, அந்த அணையே சோறும் அளித்தது. வேடர் கதையில் வரும் மரத்தைப் போல, புண்ணும் மருந்தும் ஓரிடத்திலேயே பிறந்தன. கங்கரும் சோழரும் போசளரும் விசயநகரத்தாரும் வந்து போயினர். நெல் விளைவித்தவன் மட்டும் ஒரு தெரு தள்ளிக் குடியேறி அங்கேயே இருந்தான்.

பிற்காலத்தில் சவுக்கும் தைலமரமும் நட்டு மணலின் நடையை ஓரளவு தடுத்தனர். புதைந்திருந்த கீர்த்திநாராயணர் கோயிலை அகழ்ந்து வெளிப்படுத்தினர். 1990-களின் தொடக்கத்தில் கர்நாடகத் தொல்லியல் துறையினரும் மணல்மேடுகளில் அகழாய்வு நடத்தினர். வைத்தியநாதேசுவரர், அர்க்கேசுவரர், பாதாளேசுவரர், மருளேசுவரர், முடுக்குத்தொரை மலையிலுள்ள மல்லிகார்ச்சுனர் ஆகிய ஐவரையும் ஒருநாளில் வணங்கும் பஞ்சலிங்க தரிசனம், கார்த்திகைத் திங்களில் அரிய நாட்பொருத்தம் கூடும் ஆண்டுகளில் மட்டும் நிகழ்வது. 2009, 2013, 2020 ஆகிய ஆண்டுகளில் அது நடந்தது. படிகளில் இறங்கிப் பள்ளத்துக் கோயிலில் நிற்கும்பொழுதுதான், நம் தலைக்குமேல் உள்ள மணற்பரப்பு ஒருகாலத்தில் வானமாக இருந்தது என்பது விளங்கும்.

நாம் கொள்ளத்தக்கது

பெங்களூர்த் தமிழர் வரலாற்றைப் பேசும்போது, "ஆயிரம் ஆண்டுகட்கு முன்பே நாம் இங்கு வந்தோம்" என்பாருண்டு. கல்வெட்டுகள் அதற்குச் சான்று தருவது உண்மையே. ஆயின் வாளொடு வந்த வரவை மட்டும் உரிமைச் சீட்டாகக் காட்டுவது நமக்குப் பெருமையாகாது. சோழன் வந்த வழியிலேயே திரும்பினான். அவன் இட்ட இராசராசபுரம் என்னும் பெயர் கல்லில் மட்டுமே தங்கிற்று. நிலைத்தது தலைக்காடு என்னும் மக்கள் இட்ட பெயரே.

காவிரியின் பெயரால் 1991-ஆம் ஆண்டிலும் 2016-ஆம் ஆண்டிலும் இந்நகரில் நேர்ந்த கலவரங்களை நாம் மறந்துவிடவில்லை. கதவடைத்து வீட்டிலிருந்த நாள்களை நம் குழந்தைகள் வளர்ந்த பின்னும் நினைவுகூர்கின்றனர். நீரைப் பங்கிடும் வழக்கை நடுவர் மன்றமும் உச்சநீதிமன்றமும் ஆய்ந்தன. அது அவர்கள் கடமை. வரலாற்றைப் பங்கிட்டுக் கொள்ளும் வழக்கோ நம்மிடமே உள்ளது. அதற்குத் தலைக்காட்டைவிடச் சிறந்த பள்ளி வேறில்லை. அங்கே கன்னட மன்னன் வெற்றிக்கு எடுத்த கோயிலும், தமிழ் எழுதிய கல்லும் ஒரே மணலின்கீழ்க் கிடந்தன. மணல் மொழி பார்த்து மூடவில்லை.

பிழைப்புக்காக ஊர்விட்டு வந்த குடும்பங்கள் நாம். தஞ்சையிலும் வடஆற்காட்டிலும் சேலத்திலும் நம் பாட்டனார் வீடுகள் சில பூட்டிக் கிடக்கின்றன, சில விற்கப்பட்டன, சில இருந்த இடமே தெரியவில்லை. அதனால் ஊரற்றவராகிவிட்டோமோ என்னும் ஏக்கம் நம்முள் பலருக்கு உண்டு. வீடு இருந்த இடம் மாறியும் ஊர் மாறாத தலைக்காட்டு மக்கள் அவ்வேக்கத்திற்கு விடை சொல்கின்றனர். நீர் பாயும் வயலும், உடன்வாழும் மக்களும், வழங்கும் பெயரும் இருக்குமிடம் ஊர்.

அடுத்த விடுமுறையில் தலைக்காடு செல்வோர் ஆற்றில் நீராடியவுடன் திரும்பிவிடாது, கோயிற் சுவர்களையும் ஒருமுறை சுற்றிப் பார்ப்பார்களாக. உடன் வரும் பிள்ளைகளுக்குத் தமிழெழுத்துப் பொறித்த கல்லையும் கன்னடவெழுத்துப் பொறித்த கல்லையும் காட்டுவார்களாக. பள்ளியில் கன்னடம் பயிலும் நம் பிள்ளைகள் இரண்டையும் எழுத்துக்கூட்ட முயலட்டும். அவர்கள் படிக்கத் தடுமாறும் இடங்களில் அவ்வூர்ப் பெரியவர் எவரையேனும் அழைத்துக் கேட்கலாம். மாதவமந்திரி கால்வாயில் நீர் எப்பொழுது திறப்பர் என்பது முதல் அலமேலம்மா கதை வரை, அவர்கள் சொல்லக் கேட்பதற்கு நிறைய உண்டு.