கடலடியில் காத்திருக்கும் படைக்கலம்

படைக்கலம் எதுவாயினும் பயன்படுத்துவதற்காகவே செய்யப்படுகிறது என்பது மனிதன் கல்லாயுதம் ஏந்திய நாள் முதலாக நிலவிவந்த நியதி. இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் இந்நியதிக்கு மாறான ஒரு படைக்கலம் தோன்றிற்று. அதனைப் பயன்படுத்த நேர்ந்தால் அது தோற்றுவிட்டதென்றே பொருள். நீர்மூழ்கிக் கப்பலிலிருந்து ஏவப்படும் அணு ஏவுகணையே அது. அதன் வரலாற்றையும், அது உலகுக்கு அளித்த நன்மை எத்தகையது, அந்நன்மையின் எல்லை யாது என்பதையும் இங்கே ஆராய்வோம்.

முதலில் ஒரு சொல்லைத் தெளிவுபடுத்திக்கொள்வோம். ராஜதந்திரிகள் 'டெட்டரன்ஸ்' என்று வழங்கும் சொல்லின் வேர் லத்தீன் மொழியில் உள்ளது. அச்சுறுத்தி விலகச் செய்தல் என்பது அதன் பொருள். தமிழில் 'தடுப்பு' என்றால் அச்சம் விடுபட்டுப் போகிறது. 'அச்சுறுத்தல்' என்றால் தடுப்பு விடுபட்டுப் போகிறது. ஆதலின் 'அச்சத் தடுப்பு' என்று இங்கே வழங்குவோம். "நீ என்னைத் தாக்கினால், தாக்குண்ட பின்னும் உன்னை அழிக்கும் ஆற்றல் என்னிடம் எஞ்சியிருக்கும்" என்று பகைவனை நம்பச் செய்வதே இதன் சாரம். இதில் 'எஞ்சியிருக்கும்' என்ற சொல்லில்தான் சிக்கல் எழுந்தது.

1950-களில் வல்லரசுகளின் அணுகுண்டுகள் பெரும்பாலும் விமான தளங்களிலேயே இருந்தன. தளங்கள் எங்கே உள்ளன என்பதைப் பகைவன் அறிவான். 1957-ஆம் ஆண்டில் சோவியத் ருஷ்யா கண்டம் விட்டுக் கண்டம் பாயும் ஏவுகணையைச் சோதித்தது. அதே ஆண்டு அக்டோபரில் ஸ்புட்னிக்கை விண்ணில் செலுத்தியது. அத்தகைய ஏவுகணை அரை மணி நேரத்தில் இலக்கை அடைந்துவிடும். தாக்கப்படுமுன் தாக்காவிடில் உள்ள ஆயுதத்தையும் இழப்போம் என்ற பதற்றம் இரு தரப்பையும் பற்றிக்கொண்டது. இந்த அச்சச் சமநிலை எவ்வளவு மெலிந்தது என்பதை ஆல்பர்ட் வோல்ஸ்டெட்டர் என்ற அமெரிக்க அறிஞர் 1959-ஆம் ஆண்டு வெளியான தம் கட்டுரையில் எடுத்துக்காட்டினார். பதற்றத்தில் எடுக்கப்படும் முடிவே உலகின் முடிவாகிவிடக்கூடும் என்ற நிலை அன்று இருந்தது.

இதற்கு விடை கடலில் கிடைத்தது. ஏவுகணையைக் கடலுக்குக் கொண்டுசெல்லும் எண்ணம் புதியதன்று. இரண்டாம் உலகப் போரின் இறுதியில், வி-2 ஏவுகணையைக் கலத்தில் அடைத்து நீர்மூழ்கியால் இழுத்துச் செல்ல ஜெர்மானியர் திட்டமிட்டனர். அது நிறைவேறுமுன் போர் முடிந்தது. 1955 செப்டம்பர் 16-ஆம் நாள் வெண்கடலில் சோவியத் நீர்மூழ்கி ஒன்று முதன்முதலாக ஏவுகணையைச் செலுத்தியது. ஆனால் அதற்காகக் கப்பல் நீர்மட்டத்துக்கு மேலே வரவேண்டியிருந்தது. ஒளிந்திருப்பவன் வெளியே வந்து நின்றுதான் அம்பு எய்ய வேண்டும் என்றால் ஒளிந்ததன் பயன் பாதி குறைந்துவிடுகிறதன்றோ?

அந்தக் குறையை நீக்கியது அமெரிக்கக் கடற்படையின் 'போலாரிஸ்' திட்டம். ரியர் அட்மிரல் வில்லியம் ரேபோர்ன் இதற்குப் பொறுப்பேற்றார். முதலில் கருதப்பட்ட 'ஜூபிடர்' ஏவுகணை அளவில் மிகப் பெரியது. திரவ எரிபொருளால் இயங்குவது. எளிதில் தீப்பற்றும் திரவத்தைக் கப்பலின் வயிற்றில் சுமப்பது நெருப்பை மடியில் கட்டிக்கொள்வதற்கு ஒப்பாகும். திட எரிபொருளால் இயங்கும் சிறிய ஏவுகணையே ஏற்றது எனக் கண்டனர். சில ஆண்டுகளில் அணுகுண்டின் எடையை வெகுவாகக் குறைத்துவிடலாம் என்று 1956-ல் எட்வர்ட் டெல்லர் கூறியது இதற்கு வழி திறந்தது. கட்டப்பட்டுக்கொண்டிருந்த ஒரு நீர்மூழ்கியை இரண்டாகப் பிளந்து, நடுவே சுமார் 40 மீட்டர் நீளமுள்ள ஏவுகணைப் பகுதியை இணைத்து, 'ஜார்ஜ் வாஷிங்டன்' என்ற கப்பலை உருவாக்கினர். 1960 ஜூலை 20-ஆம் நாள் கேப் கானவெரல் அருகே, நீரில் மூழ்கியவாறே அது இரண்டு ஏவுகணைகளைச் செலுத்தியது. அழுத்தமூட்டப்பட்ட காற்று ஏவுகணையைக் குழாயிலிருந்து மேலே உந்தித் தள்ள, நீரைக் கிழித்து வெளிவந்த பின்னரே அதன் எரிபொருள் பற்றிக்கொண்டது.

அதே ஆண்டு நவம்பர் 15-ஆம் நாள், 16 ஏவுகணைகளுடன் அக்கப்பல் முதல் காவற்பயணம் புறப்பட்டது. அணு உலையால் இயங்குவதால் காற்றுக்காக மேலே வரத் தேவையில்லை. 66 நாட்கள் அது நீருக்கடியிலேயே இருந்தது. புறப்பட்டபோது ஐசனோவர் ஜனாதிபதி; 1961 ஜனவரி 21-ஆம் நாள் திரும்பியபோது கென்னடி ஜனாதிபதி. மேலே ஆட்சி மாறியும் கீழே காவல் மாறவில்லை.

இதனால் விளைந்த நன்மையை ஒரே சொல்லில் கூறுவதானால், அவகாசம் எனலாம். பகைவனால் கண்டுபிடிக்க இயலாத ஆயுதத்தை உடையவன் அவசரப்பட வேண்டுவதில்லை. எச்சரிக்கை மெய்யா பொய்யா என்று ஆராய அவனுக்கு நேரம் உண்டு. புலி பதுங்குவது பாய்வதற்கு என்பது பழமொழி; பாயாமல் இருப்பதற்காகவே பதுங்கும் புலியை விஞ்ஞானம் படைத்துவிட்டது. 1967-க்குள் அமெரிக்கா 41 கப்பல்களைக் கட்டி முடித்தது. அவ்வாண்டிலேயே 16 ஏவுகணைகளைத் தாங்கும் சோவியத் கப்பலும் கடலில் இறங்கியது. பிரிட்டன் 1968-லும், பிரான்சு 1972-லும் காவற்பயணம் தொடங்கின. 1982-ல் சீனா கடலடியிலிருந்து ஏவுகணையைச் செலுத்திக் காட்டியது.

ஆயினும் ஒளிந்திருப்பதற்கு ஒரு விலை உண்டு. சாதாரண வானொலி அலைகள் கடல்நீரை ஊடுருவுவதில்லை. மிகத் தாழ்ந்த அதிர்வெண் கொண்ட அலைகள் மட்டுமே சில பத்து மீட்டர் ஆழம் வரை செல்லும். அதற்கென மிகப் பெரிய கோபுரங்கள் வேண்டும். திருநெல்வேலிச் சீமையில் 1990-ஆம் ஆண்டு இந்தியக் கடற்படை நிறுவிய அத்தகைய நிலையம் கட்டபொம்மனின் பெயரைத் தாங்கி நிற்கிறது. அந்த மெல்லிய தொடர்பும் அறுந்துவிட்டால் கப்பலில் உள்ளோர் என் செய்வர்? பிரிட்டனில் புதிதாகப் பதவியேற்கும் பிரதமர் தம் கைப்பட நான்கு கடிதங்கள் எழுதுகிறார். அவை நான்கு நீர்மூழ்கிகளின் பெட்டகங்களில் வைக்கப்படுகின்றன. நாடே அழிந்துவிட்டது எனத் தெரிந்தால் மட்டுமே தளபதி அதனைப் பிரிக்கலாம். பிரதமர் பதவி விலகியதும் கடிதங்கள் பிரிக்கப்படாமலே அழிக்கப்படுகின்றன. எத்தனை நுட்பமான பொறியாயினும் இறுதியில் ஒரு மனிதரின் மனச்சாட்சியிலேயே போய் நிற்கிறது என்பதற்கு இதனினும் சான்று வேண்டுமோ?

விபத்துகளும் நேர்ந்தன. 1968 மார்ச்சில் கே-129 என்ற சோவியத் நீர்மூழ்கி மூன்று அணு ஏவுகணைகளுடன் பசிபிக் மாகடலில் மூழ்கியது. அதில் இருந்த அனைவரும் மாண்டனர். 1986 அக்டோபரில் அட்லாண்டிக் மாகடலில் கே-219 கப்பலின் ஏவுகணைக் குழாய் ஒன்று வெடித்தது. அணு உலையைக் கையால் நிறுத்துவதற்காக உள்ளே சென்ற செர்கெய் பிரெமினின் என்ற இளம் மாலுமி, பணியை முடித்த பின் கதவு திறவாமையால் அங்கேயே உயிர்துறந்தார். 2009 பிப்ரவரியில் பிரிட்டனின் 'வான்கார்ட்' நீர்மூழ்கியும் பிரான்சின் 'திரியோம்ஃபான்' நீர்மூழ்கியும் ஆழ்கடலில் ஒன்றோடொன்று மோதின. நட்பு நாடுகளின் கப்பல்களே ஒன்றையொன்று அறியாதவாறு அத்தனை நன்றாக ஒளிந்திருந்தன! நல்வேளையாக உயிர்ச்சேதம் ஏதும் நேரவில்லை.

மற்றொரு மாறுதல் ஓசையின்றி நிகழ்ந்தது. போலாரிஸ் குறி பிசகக்கூடியது. பரந்த நகரங்களைத் தாக்கவல்லதேயன்றிப் பகைவனின் ஏவுகணைக் கிடங்குகளைத் தாக்கவல்லதன்று. அக்குறையே அதனைப் பதிலடிக்கு மட்டும் உரியதாக வைத்திருந்தது. 1990-ல் வந்த 'டிரைடென்ட்-2' மிகத் துல்லியமானது. பல குண்டுகளைப் பல இலக்குகளுக்கு அனுப்பக்கூடியது. கேடயமாகப் பிறந்தது வாளின் கூர்மையையும் பெற்றுவிட்டது. கேடயம் ஏந்தியவனைக் கண்டு பகைவன் பொறுத்திருப்பான். வாள் ஏந்தியவன் எதிரே அவ்வாறு பொறுத்திருப்பானோ? இந்த ஏவுகணை ஈட்டித் தந்த அவகாசத்தை இவ்வாறு அதன் கூர்மையே அரித்துவிடக்கூடும்.

நமது நாடும் இவ்வரலாற்றில் இடம் பெற்றுள்ளது. அணு ஆயுதத்தை முதலில் பிரயோகிப்பதில்லை என்ற கொள்கையை 2003 ஜனவரியில் இந்திய அரசு முறைப்படி அறிவித்தது. முதலில் தாக்குவதில்லை என உறுதி பூண்டவனுக்கே, தாக்குண்ட பின்னும் எஞ்சி நிற்கும் ஆற்றல் இன்றியமையாதது. கல்பாக்கத்தில் மாதிரி அணு உலையை இயக்கிப் பழகி, விசாகப்பட்டினத்தில் கட்டப்பட்ட 'அரிஹந்த்' 2016-ல் கடற்படையில் சேர்ந்தது. 2018-ல் அதன் முதல் காவற்பயணம் நிறைவேறியதாக அறிவிக்கப்பட்டது. 2024-ல் 'அரிகாத்' அதனுடன் இணைந்தது.

இக்கப்பல்கள் அமைதியை உண்டாக்குவன அல்ல. அமைதியை உண்டாக்கும் வேலை மேலே, நாடுகளின் சபைகளில் நடைபெற வேண்டியது. 1972-ல் அமெரிக்காவும் சோவியத் ருஷ்யாவும் கடலடி ஏவுகணைகளுக்கு உச்சவரம்பு கட்ட ஒப்புக்கொண்டன. வலிமை குன்றியதால் அவ்வாறு செய்தார்கள் என்று கூற இயலாது. பேசுவதற்கு அவகாசம் இருந்ததனால் பேசினார்கள். நாடுகள் அந்த அவகாசத்தை எவ்வாறு செலவிடுகின்றன என்பதைக் கூர்ந்து கவனிப்பது, ஆழ்கடலில் பல வாரங்கள் சூரியனைக் காணாமல் காத்திருக்கும் மாலுமிகளுக்கு நாம் செலுத்த வேண்டிய கடனுமாகும்.