எந்த செக்ரோலில் நம்ம பேர்?

தோட்டத்துல கொழுந்தை நிறுத்துத்தான் செக்ரோலில் பேர் போடுவார்கள். கிலோ குறைந்தால் அரைப்பேர். கணக்கு ஒன்றுதான், அதுவும் தொரையின் கையில். கன்சோல் கேம்களின் அச்சீவ்மென்ட் கதையும் கிட்டத்தட்ட இதுதான்.

2005 நவம்பரில் எக்ஸ்பாக்ஸ் 360 வந்தபோது, அதில் ஓடும் ஒவ்வொரு கேமிலும் அச்சீவ்மென்ட் இருந்தே ஆகவேண்டும் என்று மைக்ரோசாஃப்ட் விதித்தது. டிஸ்க்கில் விற்கும் கேமுக்கு 1000 புள்ளி. எதை விளையாடினாலும் புள்ளி ஒரே கணக்கில் சேரும். சோனி 2008இல் பிளேஸ்டேஷன் 3க்கு டிராஃபி கொண்டுவந்து, அடுத்த வருஷமே புது கேம்களுக்குக் கட்டாயமாக்கியது. மெஷினும் அவர்களது, அனுமதியும் அவர்களது. கட்டாயப்படுத்த முடிந்தது.

பிசிக்கு அப்படி ஒரு தொரை கிடையாது. யாரும் கேம் செய்யலாம், யாரிடமும் கேட்காமல் விற்கலாம். 2007இல் ஸ்டீம் அச்சீவ்மென்ட் தொடங்கியபோதும், வைப்பதா வேண்டாமா என்பதை கேம் செய்பவரிடமே விட்டுவிட்டது.

நல்ல சுதந்திரம்தான். ஆனா ஹட்டன், நுவரெலியா பக்கம் நம்மில் பலர் விளையாடியது நெட் கஃபே பிசியில், காப்பி சிடியில். ஸ்டீமில் பேர் விழ கேமை காசு கொடுத்து வாங்கணும், அதுக்கு கார்டு வேணும். லயத்துல யாரிடம் கார்டு இருந்தது? 2002இல் வந்த வைஸ் சிட்டி, எத்தனை சதவீதம் முடித்தோம் என்று தானே கணக்கு வைக்கும். ஆனால் அந்த சேவ் ஃபைல் கடைக்காரரின் ஹார்ட் டிஸ்க்கில். மறுநாள் வேறொரு பையன் அதன் மேலேயே சேவ் பண்ணிவிட்டுப் போவான். அந்தக் குட்டி ஹெலிகாப்டர் மிஷனை முடித்தோமே, அதற்கு இன்றைக்கும் சாட்சி பின்னால் நின்று பார்த்த நாலு பேர்தான்.