மகாராணியும் மலச்சிக்கலும்

1839-ம் வருஷம் இங்கிலாந்து மகாராணி விக்டோரியாவுக்கு சீனாவிலிருந்து ஒரு கடிதம் எழுதப்பட்டது. எழுதியவர் லின் ட்சேஷூ. கான்டனில் அபின் கடத்தலை ஒழித்துக்கட்டச் சொல்லி சக்கரவர்த்தி அனுப்பிவைத்த அதிகாரி. நேர்மையான மனிதர். உங்கள் வியாபாரிகள் எங்கள் ஜனங்களுக்கு விஷம் விற்கிறார்கள், நிறுத்தச் சொல்லுங்கள் என்பது கடிதத்தின் சாரம். கூடவே ஒரு குத்தலும் உண்டு. எங்கள் தேயிலையும் ருபார்பும் இல்லாமல் வெளிநாட்டுக்காரர்களால் ஒருநாளாவது ஓட்டமுடியுமா?

தேயிலை சரி. அதென்ன ருபார்ப்?

நம் நாட்டு மருந்துக் கடைகளில் ரேவல்சின்னி என்று கேட்டால் மஞ்சள் நிறத்தில் ஒரு காய்ந்த கிழங்குத் துண்டு கொடுப்பார்கள். அந்த ஜாதிதான். வேலை, வயிற்றைச் சுத்தம் செய்வது. வெள்ளைக்காரர்கள் இது இல்லாவிட்டால் மலச்சிக்கல் வந்தே செத்துப்போவார்கள் என்று அன்றைய சீன அதிகாரிகள் பலர் சீரியஸாகவே நம்பினார்கள்.

சிரிக்கவேண்டாம். நம்பியதற்குக் காரணம் இருந்தது. 1650-களில் லண்டனில் இந்தக் கிழங்கின் விலை அபின் விலையைப்போல் இரண்டு மடங்குக்கும் மேல். ரஷ்ய அரசாங்கம் 18-ம் நூற்றாண்டில் ருபார்ப் வியாபாரத்தை நெடுங்காலம் தன் கையிலேயே வைத்திருந்தது. சீன எல்லையில் க்யாக்டா என்கிற ஊரில் இதற்கென்றே ஆள் போட்டு, கிழங்கு கிழங்காகச் சோதனை செய்தார்கள். சொத்தை என்று தெரிந்தால் நெருப்பில் போட்டார்கள். இவ்வளவு ஆர்ப்பாட்டமும் பேதி மருந்துக்கு.

ஆனால் லின் கணக்கில் ஒரு ஓட்டை. அவர் நினைத்துக்கொண்டிருந்தது கிழங்கை. இங்கிலாந்துக்காரர்கள் மருந்துக் கிழங்கையே பான்பரி பக்கம் பயிர்செய்யத் தொடங்கி அப்போது அறுபது வருஷமாகியிருந்தது. அதைவிடப் பெரிய சங்கதி, அந்தக் குடும்பத்தின் இன்னொரு செடியில் அவர்கள் தண்டைச் சாப்பிட ஆரம்பித்திருந்தார்கள். எப்படி? பை செய்து.

பை என்றதும் மஞ்சள் பை ஞாபகத்துக்கு வந்தால் தப்பில்லை. இது மைதா மாவில் வெண்ணெய் போட்டுப் பிசைந்து, கிண்ணம்போல் தட்டி, உள்ளே பூரணம் வைத்து மூடி, அவனில் சுட்டெடுப்பது. நம் சோமாசிக்கு தூரத்துச் சொந்தம்.

லண்டனுக்குப் பக்கத்தில் டெட்ஃபோர்டில் ஜோசப் மையட் என்று ஒரு தோட்டக்காரர். 1810 வாக்கில் ஐந்து கட்டு ருபார்ப் தண்டு கட்டி சந்தைக்கு அனுப்பினாராம். மூன்று கட்டுதான் போணியானது. மனிதர் விடவில்லை. மறுபடி பத்துக் கட்டு அனுப்பினார். பிறகு வண்டி வண்டியாக. 1837-ல் அவர் அறிமுகப்படுத்திய ரகத்தின் பெயர் விக்டோரியா! யாருக்கு லின் கடிதம் எழுதினாரோ அவர் பெயரிலேயே ஒரு ருபார்ப், இங்கிலாந்து மண்ணிலேயே விளைந்து, பைக்குள் வெந்துகொண்டிருந்தது. பாவம், லின்னுக்கு இது எப்படித் தெரியும்? கடிதம் மகாராணியின் கைக்குப் போய்ச் சேரவே இல்லை என்பார்கள். போர்க்கப்பல்கள்தான் வந்தன. 1842-ல் ஹாங்காங் பறிபோனது.

சரி, தண்டுக்கு ஏன் அவ்வளவு தாமதமாக மவுசு வந்தது? பதில் ஒரே வார்த்தை. சர்க்கரை. பச்சைத் தண்டைக் கடித்தால் புளிச்சக்கீரை தோற்றுவிடும். அதை ருசியாக்க கைநிறைய சர்க்கரை கொட்டவேண்டும். 1800-ல் சராசரி பிரிட்டன்காரர் வருஷத்துக்குச் சாப்பிட்ட சர்க்கரை சுமார் எட்டு கிலோ. நூறு வருஷம் கழித்து சுமார் நாற்பது கிலோ. மையட் கட்டு கட்டி விற்ற நாளில் அந்தச் சர்க்கரை கரீபியத் தீவுகளில் அடிமைகளின் உழைப்பில் வந்தது. அடிமை முறையை ஒழிக்கும் சட்டம் 1833-ல்தான். 1874-ல் சர்க்கரைமீதான இறக்குமதி வரியையும் எடுத்துவிட்டார்கள். அதன்பிறகு ருபார்ப் பை ஏழை வீட்டு அடுப்புக்கும் வந்துவிட்டது.

யார்க்ஷயரில் வேக்ஃபீல்ட் பக்கம் இதற்கென்றே இருட்டுக் கொட்டகைகள் எழும்பின. இரண்டு வருஷம் வயலில் அறுக்காமல் வளர்த்த வேரைப் பெயர்த்துக் கொண்டுவந்து, வெளிச்சம் படாத கொட்டகையில் கணப்பு மூட்டி வைப்பார்கள். சூரியனைத் தேடி தண்டு தறிகெட்டு வளரும். மொட்டு விரியும் சத்தம்கூடக் காதில் கேட்கும். மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் அறுவடை. இளஞ்சிவப்பாக, நாரில்லாமல், பிஞ்சாக இருக்கும். பனிக்காலத்தில் லண்டனுக்கு இதைச் சுமந்துபோகத் தனி ரயிலே விட்டார்கள்.

இந்தக் கதையில் ஒரு சாவும் இருக்கிறது. முதல் உலகப் போர். ஜெர்மன் நீர்மூழ்கிகள் உணவுக் கப்பல்களை மூழ்கடித்துக்கொண்டிருந்தன. தண்டுதான் நல்லதாயிற்றே, அந்த அகல இலையை ஏன் தூக்கியெறிய வேண்டும், கீரையாகச் சமைக்கலாமே என்று ஜனங்களுக்கு யோசனை சொல்லப்பட்டது. இலையில் ஆக்ஸாலிக் அமிலம் எக்கச்சக்கம். நம்பிச் சாப்பிட்டவர்கள் விஷமேறி விழுந்தார்கள். சிலர் எழுந்திருக்கவே இல்லை. கிழங்கு மருந்து, தண்டு பண்டம், இலை விஷம். ஒரே குடும்பம்!

இரண்டாம் போரில் சர்க்கரைக்கு ரேஷன். ஆளுக்கு வாரம் சுமார் 225 கிராம். ருபார்ப் கட்டுப்பாட்டு விலையில் கிடைத்தது, போட சர்க்கரை இல்லை. வாய் கூசக் கூசத் தின்று வளர்ந்த தலைமுறை, 1953-ல் ரேஷன் முடிந்து வெளிநாட்டுப் பழங்கள் வர ஆரம்பித்ததும் திரும்பிப் பார்க்கவில்லை. அறுபதுகளில் ரயில் நின்றது. கொட்டகைகள் ஒவ்வொன்றாக மூடின. 2010-ல் ஐரோப்பிய யூனியன் யார்க்ஷயர் ருபார்புக்கு, டார்ஜிலிங் தேயிலை மாதிரி, பெயர்ப் பாதுகாப்பு கொடுத்தபோது மிஞ்சியவர்கள் விரல்விட்டு எண்ணும் அளவுதான்.

அமெரிக்காவில் செடிக்கே பைச் செடி என்று ஒரு பேச்சு வழக்குப் பெயர் உண்டு. 1947-ல் பஃபலோ நகரத்தில் சுங்க வழக்கு ஒன்று வந்தது. இது காயா, பழமா? தாவர சாஸ்திரப்படி காய்கறி. ஆனால் வீட்டுப் பெண்கள் இதைப் பழம்போலத்தான் சமைக்கிறார்கள், ஆகவே பழம் என்று தீர்ப்பானது. பழத்துக்கு வரி குறைவு. சமையலறை ஜெயித்த வழக்கு.

வீட்டில் சுடுகிறவர்களுக்கு இன்றைக்கும் ஒரே தலைவலி, தண்ணீர். தண்டில் தொண்ணூறு சதவீதத்துக்கு மேல் தண்ணீர். சர்க்கரை பட்டதும் கொட்டும், அடிமாவு சொதசொதவென்று ஆகிவிடும். பெரிய பையை வெட்டும்போது பூரணம் தட்டில் ஓடுகிற அழகைப் பார்க்கவேண்டும். அதனால்தான் பலர் ஆளுக்கொன்றாகக் குட்டிப் பை சுடுகிறார்கள். மஃபின் தட்டின் குழிகளில் மாவைப் பதித்து, விரற்கடை நீளம் நறுக்கிய தண்டு, சர்க்கரை, ஒரு ஸ்பூன் சோளமாவு கலந்து நிரப்பி, மேலே மூடி, ஆவி போக ஒரு கீறல். அரை மணிக்குள் வெந்துவிடும். வெட்டுகிற வேலை இல்லாததால் சாறும் உள்ளேயே நிற்கும். சூட்டோடு எடுத்தால் உடையும், பத்து நிமிஷம் ஆறவிடவேண்டும். இலையை மட்டும் தோட்டத்திலேயே வெட்டிப் போட்டுவிட்டுத்தான் தண்டை உள்ளே கொண்டுவருவார்கள்.