பச்சைக் கோட்டை நம்பிய கதை





எமது பழைய மாணவர் சங்கத்தின் இணையக் கணக்கு அண்மையில் பறிபோனது உங்களில் பலருக்குத் தெரியும். நோயாளி ஒருவருக்கு உதவி வேண்டும் என்று சங்கத்தின் பெயரில் செய்தி போனது. நல்ல மனதோடு சிலர் பணமும் அனுப்பிவிட்டார்கள்.

எங்கள் கடவுச்சொல் என்ன தெரியுமா? ஆங்கிலத்தில் பாடசாலையின் பெயர், ஓர் அட் குறி, பாடசாலை ஆரம்பித்த ஆண்டு. அதை வைத்த அன்று திரையில் பச்சைக் கோடு வந்து "வலிமையானது" என்று காட்டியது. நாங்களும் நம்பினோம். அந்தக் கோடு எதை அளக்கிறது என்று அன்று நாங்கள் யோசிக்கவில்லை. அதற்கு ஒரு வரலாறு உண்டு.

1979 இல் அமெரிக்காவின் பெல் ஆய்வுகூடத்தைச் சேர்ந்த ராபர்ட் மொரிஸ், கென் தொம்ஸன் இருவரும் யுனிக்ஸ் கணினிகளில் மக்கள் வைத்திருந்த 3,289 கடவுச்சொற்களை ஆராய்ந்தார்கள். அவற்றில் 2,831, அதாவது 86 சதவீதம், மிகக் குறுகியவை அல்லது அகராதியிலும் பெயர்ப் பட்டியலிலும் அகப்படுபவை. 1988 நொவம்பரில் அதே மொரிஸின் மகன் வெளியிட்ட ஒரு நிரல் இணையத்தில் ஆயிரக்கணக்கான கணினிகளை முடக்கியது. அது உள்ளே நுழைந்த வழிகளில் ஒன்று கடவுச்சொல்லை ஊகிப்பது. பயனரின் பெயரையும், அந்தப் பெயரைத் திருப்பிப் போட்டும், கூடவே 432 சொற்களையும் அது முயன்று பார்த்தது.

எனவே பலவீனமான சொல்லை வைக்கும்போதே தடுக்க வேண்டும் என்ற எண்ணம் வந்தது. 1990களில் அலெக் மஃபெட் 'கிராக்லிப்' என்ற மென்பொருள் நூலகத்தை எழுதினார். மென்பொருள் நூலகம் என்றால் மற்ற நிரல்கள் எடுத்துப் பயன்படுத்தும் ஆயத்தத் தொகுப்பு. புதிய கடவுச்சொல் அகராதியில் உள்ளதா என்று அது பார்க்கும்.

2003 இல் அமெரிக்காவின் தர நிர்ணய நிறுவனமான நிஸ்டில் பணியாற்றிய பில் பர் ஒரு வழிகாட்டி எழுதினார். பெரிய எழுத்து, இலக்கம், குறியீடு எல்லாம் கலக்க வேண்டும், அடிக்கடி மாற்ற வேண்டும் என்ற பழக்கம் உலகெங்கும் பரவியது அதிலிருந்துதான். பல தளங்களின் பச்சைக் கோடு இந்தக் கலவையை மட்டும் எண்ணியது. மனிதன் எப்படிக் கலப்பான் என்பதை எண்ணவில்லை. முதலெழுத்தைப் பெரிதாக்குவோம், இலக்கத்தைக் கடைசியில் போடுவோம். நம் எல்லோருக்கும் ஒரே புத்திதான்.

2009 டிசம்பரில் 'ரொக்யூ' என்ற நிறுவனத்திடமிருந்து 3 கோடி 20 இலட்சம் கடவுச்சொற்கள் கசிந்தன. அதிகம் பேர் வைத்திருந்தது 123456. மக்கள் பழக்கம் பட்டியலாகவே வெளியே வந்துவிட்டது. திருடர்களுக்கும் கிடைத்தது, ஆய்வாளர்களுக்கும் கிடைத்தது.

2012 இல் ட்ரொப்பொக்ஸில் பணியாற்றிய டான் வீலர் ஒரு புதிய நூலகத்தை வெளியிட்டார். அதன் பெயர் ஆங்கில விசைப்பலகையின் கீழ் வரிசை எழுத்துகள்: இஸட், எக்ஸ், சி, வி, பி, என். அது குறியீடுகளை எண்ணுவதில்லை. கடவுச்சொல்லைத் துண்டு துண்டாகப் பிரித்து, இது ஒரு பெயரா, திகதியா, விசைப்பலகை வரிசையா, பலரும் வைக்கும் சொல்லா என்று பார்க்கும். ஏ எழுத்துக்குப் பதில் அட் குறி, ஓ எழுத்துக்குப் பதில் பூச்சியம் போட்டாலும் அதற்குத் தெரியும். பிறகு, ஊகிப்பவனுக்கு எத்தனை முயற்சி தேவை என்று மதிப்பிட்டு 0 முதல் 4 வரை புள்ளி தரும்.

இதிலும் நாம் கவனிக்க வேண்டிய ஒன்று உண்டு. அதன் பெயர்ப் பட்டியல் அமெரிக்கக் குடிசன மதிப்பீட்டிலிருந்தும், சொற்பட்டியல் ஆங்கில விக்கிபீடியா, அமெரிக்கத் திரைப்படங்கள், தொலைக்காட்சி ஆகியவற்றிலிருந்தும் வந்தவை. நம் ஊர்ப் பெயரும், பாடசாலையின் சுருக்கப் பெயரும், நம் பிள்ளைகளின் செல்லப் பெயர்களும் அதற்கு எங்கே தெரியப்போகிறது? தளம் நடத்துபவர் அப்படியான சொற்களைத் தாமாகச் சேர்க்க வசதி இருக்கிறது. சேர்க்காவிட்டால் நல்ல நூலகமும் பச்சையே காட்டலாம். ஆனால் நம்மை அறிந்தவனுக்கு நாலைந்து முயற்சி போதும்.

2017 இல் நிஸ்ட் தன் வழிகாட்டியைத் திருத்தியது. கலவையை வற்புறுத்த வேண்டாம், காரணமின்றி மாற்றச் சொல்ல வேண்டாம், கசிந்த சொற்களின் பட்டியலோடு ஒப்பிடுங்கள் என்றது. தாம் எழுதியதில் பெரும்பகுதிக்காக வருந்துவதாக பில் பரும் அதே ஆண்டு வெளிப்படையாகச் சொன்னார். தவறை ஒப்புக்கொள்வது சிறுமை அல்ல.

நாங்களும் ஒப்புக்கொள்கிறோம். பணம் இழந்த சகோதரர்களிடம் மன்னிப்புக் கேட்கிறோம். இப்போது ஒன்றோடொன்று தொடர்பில்லாத ஐந்து சொற்களைச் சீட்டுக் குலுக்கி எடுத்து வைத்திருக்கிறோம். இரண்டாம் கட்டச் சரிபார்ப்பும் போட்டாயிற்று. நிர்வாகம் மாறும் அன்றே கடவுச்சொல்லும் மாறும்.

பள்ளிவாசல், சங்கம், வகுப்புக் குழு என்று பொதுக் கணக்கை வைத்திருக்கும் எல்லோருக்கும் ஒரு வார்த்தை. உங்கள் கடவுச்சொல்லில் ஊர், பெயர், ஆண்டு இருந்தால் இன்றிரவே மாற்றுங்கள். அது உங்கள் கையில் உள்ள அமானிதம். பச்சைக் கோடு அதற்குப் பொறுப்பு நிற்காது.

அல்லாஹ் நம் அனைவரையும் பாதுகாப்பானாக. ஆமீன்.