தேவநாகரியும் அதன் உடன்பிறப்புகளும்

இந்தி, மராத்தி, நேப்பாளி நூல்களைத் திறந்தால் ஒவ்வொரு சொல்லின் தலையிலும் ஒரு கோடு ஓடுவதைக் காணலாம். அதுதான் தேவநாகரி எழுத்து. அதைப் பார்த்ததும் "இது சமஸ்கிருத எழுத்து" என்று சொல்லிவிடுவது பலருடைய வழக்கம். உண்மை வேறு. சமஸ்கிருதத்துக்கெனத் தனியாக ஓர் எழுத்து இருந்ததில்லை. தமிழகத்தில் அதைக் கிரந்த எழுத்தில் எழுதினார்கள். வங்கத்தில் வங்காள எழுத்திலும், காஷ்மீரில் சாரதா எழுத்திலும் எழுதினார்கள். மொழி வேறு, எழுத்து வேறு. அப்படியானால் தேவநாகரிக்கு மட்டும் இவ்வளவு பெரிய இடம் எப்படிக் கிடைத்தது?

ஒரே தாய்

இந்திய எழுத்துகள் பெரும்பாலானவற்றுக்குத் தாய் பிராமி. கி.மு. 3ஆம் நூற்றாண்டில் அசோகர் தம் ஆணைகளில் பெரும்பாலானவற்றை இந்த எழுத்தில்தான் கல்லில் பொறித்தார். மதுரைக்கு அருகிலுள்ள மாங்குளம் குகைகளில் காணப்படும் தமிழ்-பிராமியும் இந்தக் குடும்பத்தைச் சேர்ந்ததே. பிராமியில் 'க' என்பது வெறும் கூட்டல் குறி போன்றது. தமிழின் 'க', தேவநாகரியின் 'க', வங்காளத்தின் 'க' எல்லாம் அந்தக் கூட்டல் குறி வளைந்து நெளிந்து உருவானவைதாம்.

ஆனால், தாயையே பிள்ளைகள் மறந்த காலமும் உண்டு. 14ஆம் நூற்றாண்டில் சுல்தான் பிரோஸ் ஷா துக்ளக் அசோகர் தூண்களை டெல்லிக்குக் கொண்டுவந்தபோது, அவற்றிலிருந்த எழுத்தைப் படிக்கப் பண்டிதர்களாலும் முடியவில்லை. 1837இல்தான் ஜேம்ஸ் பிரின்செப் அந்தப் பூட்டைத் திறந்தார். சாஞ்சியின் கல்வெட்டுகள் பல, ஒரே இரண்டு எழுத்துகளில் முடிவதை அவர் கவனித்தார். கோயிலுக்குக் கொடை கொடுத்தவர்கள் பொறித்தவை என்றால் அந்தச் சொல் 'தானம்' என்றுதானே இருக்க வேண்டும்? அந்த ஊகம் சரியாக அமைந்தது. அசோகரின் குரல் மீண்டும் கேட்டது.

வடக்கும் தெற்கும்

காலப்போக்கில் பிராமி இரண்டு பெரும் கிளைகளாகப் பிரிந்தது. தென்கிளையிலிருந்து பல்லவ எழுத்தும் கிரந்தமும் வளர்ந்தன. அவை வணிகர்களோடும் துறவிகளோடும் கடல் கடந்தன. செபராங் பிறையில் 1834இல் ஜேம்ஸ் லோ கண்டெடுத்த புத்தகுப்தர் என்ற மாலுமியின் கல்வெட்டு, மொழியால் சமஸ்கிருதம்; எழுத்தோ தென்னிந்தியப் பாணி. அது கி.பி. 5ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது எனக் கருதப்படுகிறது. கெமர், தாய், பர்மிய, ஜாவானிய எழுத்துகளும் தென்கிளையின் வழிவந்தவையே.

வடகிளையில் குப்தர் கால எழுத்து சித்தமாத்ருகாவாக மாறியது. அதிலிருந்து ஏறத்தாழ 8ஆம் நூற்றாண்டில் நாகரி உருப்பெற்றது. அது வடக்கோடு நின்றுவிடவும் இல்லை. தஞ்சையில் பெரிய கோயில் கட்டிய முதலாம் ராஜராஜ சோழன் தன் நாணயங்களில் பெயரை நாகரி எழுத்தில்தான் பொறித்தான் என்பது குறிப்பிடத்தக்கது.

அச்சும் அரசாணையும்

இருப்பினும், நாகரி அன்று பலரில் ஒருவர்தான். அதைத் தனியே உயர்த்தியது அச்சுக்கூடம். 1808இல் சார்லஸ் வில்கின்ஸ் தம் சமஸ்கிருத இலக்கண நூலைத் தேவநாகரி எழுத்துருக்களில் அச்சிட்டார். 1849 முதல் 1874 வரை மாக்ஸ் முல்லர் பதிப்பித்த ரிக்வேதமும் அதே எழுத்தில் வெளிவந்தது. பம்பாயில் நிர்ணயசாகர் அச்சகம் அழகிய எழுத்துருக்களில் நூல்களைக் குவித்தது. உலகப் பல்கலைக்கழகங்களின் கண்ணுக்கு, சமஸ்கிருதம் என்றால் தேவநாகரி என்றாகிவிட்டது.

அடுத்து வந்தது அரசாணை. 1893இல் காசியில் தோன்றிய நாகரி பிரசாரிணி சபை, நீதிமன்றங்களில் நாகரி வேண்டும் என்று குரல் கொடுத்தது. 1900இல் வடமேற்கு மாகாண ஆளுநர் மக்டோனல் அதற்கு அனுமதி வழங்கினார். 1950இல் நடப்புக்கு வந்த இந்திய அரசியல் சட்டத்தின் 343ஆம் பிரிவு, தேவநாகரியில் எழுதப்படும் இந்தியை ஒன்றியத்தின் ஆட்சிமொழியாக அறிவித்தது. எண்களுக்கு மட்டும் 1, 2, 3 என்ற அனைத்துலக வடிவம் ஏற்கப்பட்டது.

ஊமையான பத்திரங்கள்

ஒன்று உயர்ந்தபோது உடன்பிறந்தவை சில மறைந்தன. பீகாரில் கணக்கரும் எழுத்தரும் பயன்படுத்திய கைதி எழுத்து, 1880களில் அங்கு நீதிமன்ற எழுத்தாகவே இருந்தது. மராத்திய ஆட்சியின் கணக்குகளும் கடிதங்களும் மோடி என்ற விரைவெழுத்தில் எழுதப்பட்டன. இரண்டும் 20ஆம் நூற்றாண்டில் பள்ளிகளை விட்டு வெளியேறின. விளைவு என்ன? பீகாரில் பாட்டனார் வாங்கிய நிலத்தின் பத்திரம் பேரன் கையில் இருக்கிறது. அதைப் படிக்க அவனுக்குத் தெரியாது. வழக்கு வந்தால், கைதி எழுத்து தெரிந்த ஒருவரைத் தேடி அலைய வேண்டும். எழுத்து போனதால் சொத்துக்கான சான்றே ஊமையாகிவிட்டது.

தமிழுக்கும் இதில் பங்குண்டு. தஞ்சையை 1676 முதல் 1855 வரை ஆண்ட மராத்திய மன்னர்களின் மோடி ஆவணங்கள் சரசுவதி மகால் நூலகத்தில் உள்ளன. யாருக்கு என்ன சம்பளம், எந்தச் சத்திரத்துக்கு எவ்வளவு அரிசி என்பன போன்ற தமிழ் மண்ணின் செய்திகள் அவற்றில் அடங்கியுள்ளன. மோடி கற்ற சிலர் பொறுமையாக அமர்ந்து மொழிபெயர்த்ததால்தான் அவற்றில் ஒரு பகுதி தமிழில் கிடைத்துள்ளது.

தேவநாகரி உயர்ந்தது அது தெய்வ எழுத்து என்பதால் அல்ல. கைதியும் மோடியும் மறைந்தது அவை தாழ்ந்தவை என்பதாலும் அல்ல. அச்சகமும் அலுவலகமும் பள்ளிக்கூடமும் எதைக் கையில் எடுத்தனவோ அது வாழ்ந்தது. எதைக் கைவிட்டனவோ அது மறைந்தது. பிராமியை மீட்கப் பிரின்செப் வந்தார். ஆனால், எல்லா எழுத்துக்கும் ஒரு பிரின்செப் வருவார் என்று காத்திருக்க முடியாது. படிக்கத் தெரிந்த அடுத்த தலைமுறை இருக்கும் வரையில்தான் எந்த எழுத்துக்கும் உயிர் இருக்கும்.